லேபல் மட்டும் நம்முடையது

அத்தியாயம் 17

வெலிமடைக் கடை திறப்பதற்கு இன்னும் ஒன்பது நாள்தான் இருந்தது. பதுளை, பண்டாரவளை, லுணுகலை என்று மூன்றாக இருந்த 'இஸ்ரா உடுப்பகம்' நான்காகப் போகிறது. பேனர் அச்சாகி வந்து, சுருட்டியபடி கூடத்து மூலையில் சாய்ந்து நின்றது. வீட்டில்தான் ஒருவர் முகத்திலும் களை இல்லை.

போன வெள்ளிக்கிழமை பகல் சாப்பாட்டில் நடந்த சண்டையின் சூடு இன்னும் ஆறவில்லை. "நாலாவது கடை இப்ப வேணாம் நாநா. மூணு கடைக்கே சாமான் போதாம ஈக்கி" என்று ஜெனீராவின் கொழுந்தன் பஸீல் சொன்னதும், அவள் கணவர் பாறூக் தட்டைத் தள்ளிவிட்டு எழும்பிப் போனார். அன்றிலிருந்து பஸீல் லுணுகலைக் கடையே கதியென்று கிடந்தான். அண்ணன் வீட்டுப் பக்கம் தலைகாட்டவில்லை. போனில் கோல் எடுத்தால் இரண்டு வார்த்தை, அவ்வளவுதான்.

அந்த மௌனம் ஜெனீராவுக்குப் பிடிக்கவில்லை. மனத்தில் எதையோ வைத்துக்கொண்டுதான் பஸீல் வாயை மூடியிருக்கிறான் என்று அவளுக்குப் பட்டது.

இருபத்துமூன்று வருடங்களுக்கு முன்னால், கைக்குழந்தை இஸ்ராவைப் பக்கத்தில் கிடத்திவிட்டு ஒரே ஒரு மெஷினில் பிள்ளைகளின் கவுன் தைக்கத் தொடங்கியவள் அவள். மகளின் பெயரைத்தான் லேபலில் போட்டாள். இன்று வீட்டுக்குப் பின்னால் உள்ள தையல் கொட்டகையில் பதினொரு பெண்கள் தைக்கிறார்கள். வெட்டிக் கொடுக்க மாரிசாமி மாஸ்டர் இருக்கிறார். வாங்கி வரும் துணிமணி எத்தனை இருந்தாலும், 'இஸ்ரா' லேபல் அந்தக் கொட்டகையில் தைத்த உடுப்புக்கு மட்டும்தான். அது ஜெனீரா போட்ட சட்டம்.

திங்கட்கிழமை காலை பத்து மணியிருக்கும். பதுளைக் கடை வாசலில் ஒரு பெண் உள்ளே வராமல் நின்றாள். கையில் ஷொப்பிங் பை. விடியற்காலை பஸ்ஸில் வந்த களைப்பு கண்ணில் தெரிந்தது.

"முதலாளியம்மா நீங்கதானுங்களா?"

"ஓம், உள்ள வாங்க. என்ன பாக்கணும்?"

"வாங்குறதுக்கு வரலீங்க. ஒன்னக் காட்டிட்டுப் போக வந்தேன்."

பைக்குள்ளிருந்து ஒரு வெள்ளைக் கவுனை எடுத்து மேசைமேல் விரித்தாள். கைக்குழியிலிருந்து இடுப்பு வரை பக்கவாட்டில் பிளந்து கிடந்தது. சிப் பாதி வழியில் கழன்று தொங்கியது.

"நேத்து எம் புள்ள ஜெசீகாவுக்குப் புதுநன்மைங்க. பூசையில முழங்கால் போட்டுச்சு. போட்டதுதான் தாமதம், டர்ருன்னு பிரிஞ்சிருச்சு. சாமியாருக்கு முன்னால, கோயில் நெறைய சனம். யாரோ ஒருத்தவங்க துண்டக் குடுத்தாங்க, அதப் போத்தித்தான் புள்ளய வெளிய கூட்டிட்டு வந்தேன். நேத்துலேருந்து லயத்த விட்டு வெளிய வரமாட்டேங்குறா."

அவள் பெயர் றோசாலி. மடுல்சீமைப் பக்கத்துத் தேயிலைத் தோட்டத்தில் கொழுந்து எடுப்பவள். அவர்கள் லயத்து வரிசை வீடுகளில் ஐந்து பிள்ளைகளுக்குப் புதுநன்மை, தேவாலயத்தில் முதன்முதலாக நற்கருணை வாங்கும் சடங்கு. மற்ற நான்கு தாய்மாரும் வேலையை விட்டுவிட்டு வர முடியாமல், இவளிடம் காசைக் கொடுத்து லுணுகலைக் கடைக்கு அனுப்பியிருக்கிறார்கள். கடைசி நேரத்தில் கிடைக்காது என்று ஒரு மாதத்துக்கு முன்பே ஐந்து கவுனையும் எடுத்திருக்கிறாள்.

"அஞ்சுல மூணு நேத்தே பிரிஞ்சிருச்சுங்க."

ஜெனீரா கவுனைக் கையில் எடுத்தாள். உள்ளே லைனிங் இல்லை. ஓரத்துக்கு ஓவர்லொக் அடிக்காமல் ஒற்றைத் தையலில் ஓட்டிவிட்டிருந்தார்கள். அவள் வாயிலிருந்து வார்த்தை முந்திக்கொண்டு வந்தது.

"இது நம்ம கடைச் சாமான் இல்லையே."

றோசாலியின் முகம் அப்படியே இறுகிவிட்டது.

"அப்ப நான் மாத்திட்டேன்னு நீங்களும் சொல்றீங்களா?"

"நீங்க மாத்தினதா யார் சொன்னது?"

"எங்க லயத்துலதாங்க. நல்ல கவுன வேற எங்கயோ வித்துட்டு, சந்தையில கெடந்த மட்டக் கவுன வாங்கிட்டு வந்துட்டேனாம். இருபது வருசமா என்னோட ஒரே மலையில கொழுந்து எடுக்குறவங்க சொல்றாங்கம்மா. இன்னைக்குக் காலையில வேலைக்குப் பேர் குடுக்குற பெரட்டுக்குப் போகவே கூச்சமா இருந்துச்சு. எனக்குக் காசு திருப்பித் தர வேணாம். இது உங்க கடையில வாங்குனதுதான்னு ஒரு வார்த்த எழுதிக் குடுங்க, போதும்."

கடையில் நான்கைந்து வாடிக்கையாளர்கள் நின்றார்கள். இரண்டு பேர் இந்தப் பக்கம் திரும்பிப் பார்த்தார்கள். எழுதிக் கொடுத்தால் அந்தக் காகிதத்தின் படம் ஒவ்வொரு போனாகப் போய், ஒன்பது நாளில் வெலிமடைக்கு வந்து சேராதா?

"விசாரிச்சுப் போட்டுச் சொல்றேன். நம்பரத் தந்துட்டுப் போங்க" என்றாள் ஜெனீரா.

றோசாலி நம்பரைச் சொன்னாள். கவுனைத் திருப்பிக் கொடுக்கப் போனபோது கையை விலக்கிக்கொண்டாள்.

"நீங்களே வச்சுக்குங்க. அதப் பாத்தாலே புள்ள அழுகுது."

அவள் போன பிறகுதான் ஜெனீரா கழுத்துப் பக்கத்தைத் திருப்பிப் பார்த்தாள். 'இஸ்ரா' லேபல் இருந்தது. நான்கு ஓரமும் ரோஸ் நிற நூலால் தைத்திருந்தது. அந்த நூலைத் தேர்ந்தெடுத்தவளே அவள்தான். லேபலும் அசல், தையலும் அசல். அதற்குக் கீழே தொங்கிய கவுன் மட்டும் வேறு யாருடையதோ.

லேபல் ரோல் வீட்டு அலுமாரியில் பூட்டி இருப்பது. அதன் திறப்புச் சாவி மூன்று பேரிடம்தான் உண்டு: அவள், பாறூக், பஸீல்.

வீட்டுக்கு ஓடிப்போய் அலுமாரியைத் திறந்தாள். நோன்புக்கு முன்னால் புதிதாக வந்த ரோல் பாதிக்கு மேல் காலியாகியிருந்தது. இரண்டு மாதத்தில் கொட்டகையில் தைத்ததற்கு அவ்வளவு போயிருக்க நியாயமே இல்லை. வெலிமடையில் இருந்த பாறூக்குக்குக் கோல் எடுத்தாள்.

"லுணுகலைக் கடையில வாங்கின கவுன் ஒண்டு திரும்பி வந்தீக்கி. நம்மட லேபல் போட்டீக்கி, ஆனா நம்மட கவுன் இல்ல."

"லுணுகலையா? அப்ப பஸீலக் கேளு. எனக்கிட்ட ஏன் கேக்குற? இங்க பெயின்ட் வேலை நடக்குது" என்று சொல்லி அவர் வைத்துவிட்டார்.

கொட்டகைக்குப் போனாள். மாரிசாமி மாஸ்டர் துணியில் சோக்கால் கோடு போட்டுக்கொண்டிருந்தார். கவுனை அவர் முன் நீட்டினாள்.

"இந்த லேபல யார் தச்சது மாஸ்டர்?"

அவர் கவுனை வாங்கவே இல்லை. போட்ட கோட்டின் மேலேயே மறுபடி கோடு போட்டார். பின்னால் ஓடிக்கொண்டிருந்த மெஷின்கள் ஒவ்வொன்றாக நின்றன.

"ஒங்க வீட்டு ஆளுங்க விசயத்துல என்னய இழுக்காதீங்கம்மா. சொல்றதச் செய்யிறவன் நான்."

வீட்டு ஆள். அந்த ஒரு சொல் போதுமாக இருந்தது.

"இஸ்ரா, வேன எடு. லுணுகலைக்குப் போகணும்" என்றாள் மகளிடம்.

கடையின் பேஸ்புக் பக்கத்தையும் வட்ஸ்அப் ஓடர்களையும் பார்ப்பவள் இஸ்ரா. வேனையும் அவளே ஓட்டுவாள். பசறை தாண்டும்வரை தாயும் மகளும் பேசவில்லை. வளைவுகளில் மூடுபனி கண்ணாடியோடு ஒட்டிக்கொண்டு வந்தது.

"சாச்சா அப்படிச் செய்யமாட்டார் உம்மா" என்றாள் இஸ்ரா கடைசியில்.

"மூணு கடைக்கே சாமான் போதாதுண்டு சொன்னது யாரு? அவர்தானே. போதாத சாமான எப்படி நிரப்பினார்? போன மாசம் ரெண்டு தரம் தனியா கொழும்புக்குப் போனாரே, எதுக்கு? திறப்பும் அவர்ட்ட ஈக்கி."

"வாப்பாட்டயும் ஈக்கிதானே."

"வாப்பா சொல்லித்தான் நான் இவரத் தேடிப் போறேன்" என்றாள் ஜெனீரா.

ஒன்றை நினைக்க நினைக்க இன்னொன்று வந்து அதனோடு சேர்ந்துகொண்டது. பெருநாளன்று பஸீல் சீக்கிரமே எழும்பிப் போனது, மாஸ்டரோடு கொட்டகை வாசலில் நின்று குசுகுசுத்தது, அவள் வந்ததும் பேச்சை நிறுத்தியது. லுணுகலை வருவதற்குள் அவள் மனத்தில் வழக்கு முடிந்து தீர்ப்பும் எழுதியாகிவிட்டது.

தோட்டங்களில் சம்பளம் போட்ட கிழமை. கடை நிறைய சனம். ஒரு தகப்பனுக்குச் சேட்டு அளவு பார்த்துக்கொண்டிருந்த பஸீல், அண்ணியைக் கண்டதும் திடுக்கிட்டான்.

"வாங்க மதினி. சொல்லாம வந்தீக்கிறீங்க?"

"சொல்லிப்போட்டு வந்திருந்தா ஒளிச்சி வச்சிருப்பீங்க. ஸ்டோர் அறையத் தொறங்க."

"அதுக்குள்ள திருப்பி அனுப்புற சாமான் கொஞ்சம் கெடக்குது. பொறகு பாக்கலாமே. ஆக்கள் நிக்கிறாங்க."

"இப்பவே தொறங்க."

அவன் தயங்கித் தயங்கித் திறந்தான். உள்ளே ஆறு பெட்டிகள். மேலே இருந்ததை ஜெனீரா கிழித்தாள். வெள்ளைக் கவுன். இன்னொன்றைக் கிழித்தாள், அதிலும் அதுதான். ஒவ்வொன்றின் கழுத்திலும் ரோஸ் நூலில் மகளின் பெயர் இருந்தது.

அதற்குப் பிறகு அவளுக்கு நிதானம் தவறிவிட்டது. ஒரு கவுனைத் தூக்கிக்கொண்டு கடைக்குள் வந்தாள். யார் நிற்கிறார்கள் என்று பார்க்கவில்லை.

"என்ட மகள்ட பேரப் போட்டா இந்தக் குப்பய விக்கிறீங்க? எத்தன நாளா? உங்கள நம்பித்தானே இந்தக் கடைய விட்டோம்?"

பஸீலின் காதுமடல் சிவந்தது. மிக மெதுவாகக் கேட்டான்.

"நாநாட்ட கேட்டீங்களா மதினி?"

"அவர்தான் உங்கள கேக்கச் சொன்னார்."

பஸீல் இடுப்பிலிருந்த திறப்புக் கொத்தைக் கழற்றி மேசைமேல் வைத்தான்.

"நாநாவே அப்படிச் சொன்னாரா? அப்ப எனக்குப் பேச ஒண்டும் இல்ல."

தூறலுக்குள் இறங்கி நடந்துவிட்டான். "சாச்சா!" என்று இஸ்ரா வாசல்வரை ஓடினாள். அவன் திரும்பவில்லை.

விற்பனைக்கு நிற்கும் ஜெசிந்தினி என்ற பெண் ஸ்டோர் அறை வாசலுக்கு வந்து கையைப் பிசைந்தாள்.

"மேடம், நான் ஒன்னு சொன்னா ஏசமாட்டீங்களே? சார் இத விக்க விடல. அஞ்சு வாரத்துக்கு முன்னால மொத சாமான் வந்தப்ப கொஞ்சம் வித்துட்டோம். ரெண்டு கவுன் கிழிஞ்சு திரும்பி வந்திச்சு. அன்னைக்கே எல்லாத்தையும் எடுத்து உள்ள வச்சிட்டாங்க. மூணு வாரமாச்சு. பதுளைக்குக் கோல் எடுத்து, 'இத எடுத்துக்கிட்டுப் போங்க, எனக்கு வேணாம்'னு சத்தம் போட்டாங்க. எங்களுக்கெல்லாம் கேட்டிச்சு."

"யாரோட பேசினார்?"

"பெரிய முதலாளியோடதான் மேடம்."

இஸ்ரா பெட்டிகளின் பக்கத்தில் குனிந்திருந்தாள். "உம்மா, இங்க வாங்க" என்று கூப்பிட்டாள். பெட்டியின் அடிப்பக்கத்தில் கறுப்பு மார்க்கரில் எழுதியிருந்தது: 'லுணுகலை. அறுபது. உடனே அடுக்கவும்.'

'லு'வின் வாலை அடுத்த எழுத்துக்குக் கீழே வரை இழுத்துவிடும் பழக்கம் அவர்கள் வீட்டில் ஒருவருக்குத்தான் உண்டு.

"வாப்பாட எழுத்து" என்றாள் இஸ்ரா.

ஜெனீராவுக்குக் காலையில் பேசிய கோல் அப்போதுதான் நினைவுக்கு வந்தது. நம்மட கவுன் இல்ல என்று சொன்னபோது, அப்படியென்றால் யாருடையது என்று பாறூக் கேட்கவே இல்லை. தெரிந்தவர் எதற்குக் கேட்கப் போகிறார்?

திரும்பி வரும்போது பஸீலுக்கு நான்கு முறை கோல் எடுத்தாள். மணி அடித்து அடித்து ஓய்ந்தது.

வீட்டுக்கு வந்தபோது பாறூக் பிற்பகல் அஸர் தொழுதுவிட்டுத் தேநீர் குடித்துக்கொண்டிருந்தார். ஜெனீரா கவுனை அவர் மடிமேல் போட்டாள்.

"லேபல யார் எடுத்துக் குடுத்தது?"

அவர் கோப்பையைக் கீழே வைத்தார்.

"நான்தான். மாஸ்டர்ட்ட குடுத்துத் தைக்கச் சொன்னேன். இப்ப என்ன நடந்து போச்சு?"

"என்ன நடந்ததா?"

"பதினொரு பொம்புளைகள் தைக்கிறத வச்சி நாலு கடைய நிரப்ப ஏலுமா? வெலிமடையில அந்த இடத்த நாம எடுக்காட்டி கொழும்புக்காரன் எடுக்குறான். அவன் வந்தா மூணு மாசத்துல நம்மட பண்டாரவளைக் கடையும் போகும். ராக்கை நெறைஞ்சி ஈக்கணும் ஜெனீரா. வெறும் ராக்கையப் பாத்தா சனம் வராது."

"அதுக்காக?"

"எல்லாரும் செய்றதுதான். தோட்டத்து ஆக்கள் ஒருநாள் உடுக்கிற உடுப்புத்தானே."

துண்டைப் போர்த்திக்கொண்டு சனத்தின் நடுவே நடந்து போன ஒரு சின்னப் பிள்ளை ஜெனீராவின் கண்ணுக்குள் வந்து நின்றாள்.

"ஒருநாள் உடுக்கிறதுண்டுதான் அது கிழியக் கூடாது" என்றாள். "அந்தப் பிள்ளைக்கு வேற நாள் இல்ல."

பாறூக் கவுனை மடியிலிருந்து எடுத்துப் பக்கத்தில் வைத்தார்.

"அதையும் விடுங்க. பஸீலக் கேளுண்டு ஏன் சொன்னீங்க? நான் போய் அத்தன சனத்துக்கு முன்னால அவர ஏசிப்போட்டு வந்தீக்கிறேன்."

"வெலிமடை தொறக்கும்வரைக்கும் பேச்ச ஒத்திப் போடுவமேண்டு நெனச்சேன். நீ இப்படி உடனே ஓடுவாய்ண்டு..."

"இஸ்ரா, போன எடு" என்றாள் ஜெனீரா. "கொட்டகைக்கு வா."

பாறூக்கின் முகம் மாறியது. "என்ன செய்யப் போற? ஜெனீரா, ஒன்பது நாள் ஈக்கி. பேரு கெட்டுப் போச்சுண்டா நாலு கடையும் போயிரும்."

"பேரு ஏற்கெனவே கெட்டுப் போச்சு. அது நம்மளுக்குத் தெரியாம ஈந்தது, அவ்வளவுதான்."

கொட்டகையில் மெஷின்கள் எல்லாம் மூடிக் கிடந்தன. ஐந்து மணிகூட ஆகவில்லை. இன்றைக்கு ஏன் இத்தனை சீக்கிரம் போய்விட்டார்கள் என்று ஒரு கணம் தோன்றியது. அதை யோசிக்க அவளுக்கு நேரமில்லை. வெட்டு மேசைக்குப் பின்னால் நின்று முந்தானையைத் தலைக்கு இழுத்துவிட்டுக்கொண்டாள். கிழிந்த கவுனைக் கையில் பிடித்தாள். இஸ்ரா போனைத் தூக்கினாள்.

"நான் ஜெனீரா. இஸ்ரா உடுப்பகம் என்ட கடைதான். லுணுகலைக் கடையில இந்த வெள்ளைக் கவுன வாங்கினவங்க தயவுசெய்து திருப்பிக் கொண்டு வாங்க. இது எங்கட தையல் இல்ல, ஆனா லேபலப் போட்டு வித்தது நாங்கதான். மடுல்சீமைப் பக்கத்திலேருந்து வந்த றோசாலி என்கிற தாய் எதையும் மாத்தயில்ல. நாங்க குடுத்ததத்தான் அவங்க கொண்டு போய்க் குடுத்தாங்க. இது எங்கட சாமான் இல்லண்டு காலையில அவங்கட்ட நான் சொன்னேன். அது பொய். கிழிஞ்ச கவுன் ஒவ்வொண்டுக்கும் பதிலா, நானே உக்காந்து புதுசு தச்சிக் குடுப்பேன்."

குரல் கடைசியில் உடைந்தது. இஸ்ரா மறுபடி எடுக்கவா என்று கேட்கவில்லை. அப்படியே கடையின் பேஸ்புக் பக்கத்தில் போட்டாள், றோசாலியின் நம்பருக்கும் அனுப்பினாள்.

அரைமணி நேரத்தில் குரல்பதிவு ஒன்று வந்தது. பின்னணியில் பல பேர் ஒரே நேரத்தில் பேசும் சத்தம். "எல்லாத்துக்கும் போட்டுக் காட்டிட்டேங்க முதலாளியம்மா. பேசுனவங்க இப்ப பேசல. எம் புள்ளயும் பக்கத்துல நின்னு கேட்டுச்சு. நீங்க நல்லா இருக்கணும்."

இனி பஸீல். அவன் எடுக்கமாட்டான் என்று தெரிந்து, அவன் மனைவி முஷ்ரிபாவுக்குக் கோல் எடுத்து ஸ்பீக்கரில் போட்டாள்.

"முஷ்ரிபா, பஸீல் ஊட்டுக்கு வந்தாரா? நான் பெரிய பிழை செஞ்சிட்டேன். அவர்ட்ட மன்னிப்புக் கேக்கணும்."



"வந்துட்டுப் போயிட்டார் ராத்தா. பசறைக்குப் போனார். மாரிசாமி மாஸ்டரும் அந்தப் பதினொரு பேரும் அங்கதான் ஈக்கிறாங்க."

"பசறையிலயா? அங்க என்ன?"

"அவர் வாடகைக்கு எடுத்த ஊட்டுல. நாளையிலேருந்து எல்லாரும் அங்கதான் தைக்கப் போறாங்க. மெஷினும் வந்துட்டு." முஷ்ரிபாவின் குரலில் கோபம் இல்லை, ஒரு குழப்பம்தான் இருந்தது. "அந்த ஊட்ட எடுத்து ரெண்டு மாசமாச்சே. உங்களுக்குச் சொல்லயில்லையா ராத்தா?"

ஜெனீரா போனை இறக்கினாள். இரண்டு மாதம். முதல் பெட்டி லுணுகலைக்குப் போனது ஐந்து வாரத்துக்கு முன்னால்தான். அதற்கும் முன்பே வீடு எடுத்தாகிவிட்டதென்றால், இன்று அவள் ஏசியதற்காகப் பிறந்த ரோசமல்ல இது. அப்படியானால் அந்தக் கவுன்களை ஒதுக்கி வைத்தது கடைப் பெயரைக் காப்பாற்றவா, தன் பெயரைக் காப்பாற்றிக்கொள்ளவா? மாஸ்டர் காலையில் வாயைத் திறக்காதது யாருக்காக?

கொட்டகை வாசலில் பாறூக் நின்றார். ஸ்பீக்கரில் வந்த பேச்சு அவர் காதிலும் விழுந்திருந்தது. வரிசையாக மூடிக் கிடந்த பதினொரு மெஷின்களையும் அவர் பார்த்த பார்வையில், இது அவருக்கும் புதிது என்று தெரிந்தது.

"நானும் வாரேன்" என்றார்.

"வேணாம். நீங்க வந்தா அவர் வாயத் தொறக்கமாட்டார்."

ஜெனீரா வேனில் ஏறினாள். மன்னிப்புக் கேட்கப் போகிறாளா, கையும் களவுமாகப் பிடிக்கப் போகிறாளா என்று அவளுக்கே தெரியவில்லை. இஸ்ரா எஞ்சினைப் போட்டுவிட்டுத் தாயைப் பார்த்தாள்.

"சாச்சாட்ட என்ன சொல்லப் போறீங்க உம்மா?"

"சொல்றதுக்கு ஒண்டும் இல்ல" என்றாள் ஜெனீரா. "அந்த ஊட்டுல தைக்கிற உடுப்புக்கு யார்ட பேரப் போடப் போறாங்கண்டு பாக்கணும். வேகமாப் போ."